கண்ணாடியில் ஒட்டிய காகிதம்



சென்ற மாதம் வந்த மடல்களில் ஒன்றை மட்டும் தனியே எடுத்து வைத்திருந்தேன். பதில் எழுத உடனே கை வரவில்லை. கிள்ளானுக்குப் பக்கத்தில் ஓர் அடுக்குமாடி வீட்டிலிருந்து ஒரு சகோதரி எழுதியிருக்கிறார். பெயரும் ஊரும் வேண்டாம் என்று கேட்டுக்கொண்டதால் இரண்டையும் விட்டுவிடுகிறேன். பிறந்தது, வளர்ந்தது, வாழ்க்கைப்பட்டது எல்லாம் தோட்டத்தில்தான். தோட்டம் கைமாறி, பால்மரம் போய், பிறகு செம்பனையும் போய், இப்போது அங்கே வீடமைப்புத் திட்டம் எழும்பி நிற்கிறதாம். இவருக்குக் கையுறை செய்யும் தொழிற்சாலையில் வேலை. கணவர் லாரி ஓட்டுகிறார். மூத்த பையனுக்கு இருபத்திரண்டு வயது. எஸ்.பி.எம். எழுதிவிட்டு ஒரு சரக்குக் கிடங்கில் பெட்டி தள்ளுகிறான்.

ஞாயிற்றுக்கிழமையானால் அந்தப் பிள்ளை கிள்ளானில் கோமுட்டர் ரயில் ஏறிப் பிரிக்பீல்ட்ஸுக்குப் போய்விடுகிறானாம். மற்றப் பிள்ளைகள் படத்துக்கும் பந்துக்கும் போவார்கள். இவன் புத்தகக் கடைக்குப் போகிறான். திரும்பி வரும்போது பையில் ஒரு புத்தகம் இருக்கும். எல்லாம் ஒரே மாதிரி: உன்னால் முடியும், உயரலாம், வெல்லலாம், எல்லையைத் தாண்டு. அறையில் உள்ள கண்ணாடியில் ‘நான் கோடீஸ்வரன்’ என்று பெரிய எழுத்தில் எழுதி ஒட்டி, காலையும் மாலையும் அதைப் பார்த்துச் சொல்லிக்கொள்கிறானாம். இப்போது தலைநகரில் ஒரு ஹோட்டலில் இரண்டு நாள் பயிற்சி. அதற்கு எண்ணூறு வெள்ளி வேண்டுமென்று தாயிடம் நிற்கிறான். தாயிடம் இருப்பது சீட்டில் எடுத்த பணம்.

“அக்கா, இந்தப் புத்தகங்கள் நல்லவையா கெட்டவையா? அவன் குடிக்கவில்லை, கூட்டம் சேரவில்லை, படிக்கிறான். அதைத் தடுக்கவும் மனம் வரவில்லை. ஆனால் இரண்டு வருஷமாகப் படிக்கிறான், பெட்டியைத்தான் தள்ளிக்கொண்டிருக்கிறான். பணத்தைக் கொடுக்கவா, வேண்டாமா?” இதுதான் கேள்வி. எழுத்து மகளுடையது, அம்மா சொல்லச் சொல்ல எழுதியிருக்கிறாள். கடைசியில் ஓரமாக, வேறு கையெழுத்தில், கோணல் மாணலாக ஒரு வரி: “நானும் ஒன்றைத் திறந்து பன்னிரண்டு பக்கம் படித்தேன். பிறகு உலை வைக்க நேரமாகிவிட்டது.”

அந்த ஒரு வரிதான் என்னைப் பதில் எழுத விடாமல் இத்தனை நாள் பிடித்து வைத்திருந்தது. அதற்குப் பிறகு வருகிறேன்.

முதலில் இந்தப் புத்தகங்கள் எங்கிருந்து வந்தன என்று பார்ப்போம். பணக்காரர்கள் ஏழைகளுக்கு எழுதிவைத்த உபதேசம் என்றுதான் பலரும் நினைக்கிறார்கள். நானும் வெகுகாலம் அப்படித்தான் நினைத்திருந்தேன். அது சரியில்லை.

இங்கிலாந்தில் லீட்ஸ் என்ற தொழிற்சாலை நகரம். 1840-களில் அங்கே சில இளைஞர்கள் வேலை முடிந்த பின் குளிர்கால இரவுகளில் ஒருவர் வீட்டில் கூடினார்கள். தெரிந்தவன் தெரியாதவனுக்கு எழுதவும் படிக்கவும் கணக்குப் போடவும் சொல்லிக்கொடுத்தான். ஆள் கூடியதும் வீடு போதவில்லை. கோடையில் தோட்டத்தில் உட்கார்ந்தார்கள். மறுபடியும் குளிர் வந்ததும் இடம் தேடினார்கள். காலரா நோயாளிகளைப் போட்டிருந்த ஒரு பழைய கூடம் காலியாகக் கிடந்தது. நோய் ஒட்டிக்கொள்ளும் என்று அதை எவரும் வாடகைக்கு எடுக்கத் துணியவில்லை. இந்தப் பையன்கள் எடுத்தார்கள்! அங்கே வந்து தங்களுக்கு நாலு வார்த்தை பேசும்படி சாமுவேல் ஸ்மைல்ஸ் என்பவரை அழைத்தார்கள். வைத்தியம் படித்தவர், பத்திரிகை ஆசிரியர். அங்கே பேசியதை விரித்து அவர் எழுதிய புத்தகம்தான் 1859-இல் ‘செல்ஃப் ஹெல்ப்’ என்ற பெயரில் வந்தது. முதல் ஆண்டிலேயே இருபதாயிரம் பிரதி விற்றது. இன்று கடையில் அடுக்கி வைத்திருக்கிறார்களே, அத்தனை முன்னேற்ற நூல்களுக்கும் ஒரு பாட்டனார் உண்டென்றால் அது இந்த நூல்தான்.

பாருங்கள், முதலில் வந்தது புத்தகமில்லை. முதலில் வந்தது காலராக் கூடம். ஸ்மைல்ஸ் பிற்காலத்தில் தம் நூலின் தலைப்பைப் பற்றியே வருத்தப்பட்டார். ஒவ்வொருவனும் தன்னை மட்டும் பார்த்துக்கொள்ள வேண்டும் என்று சொல்வதாக அதைச் சிலர் எடுத்துக்கொண்டார்கள். தாம் சொல்ல வந்தது அதுவல்ல என்று அடுத்த பதிப்பின் முன்னுரையில் எழுத வேண்டியதாயிற்று.

அமெரிக்காவில் டேல் கார்னெகி என்று ஒருவர். பண்ணைக்காரர் வீட்டுப் பிள்ளை. 1912-இல் நியூயார்க்கில் ஒய்.எம்.சி.ஏ.யில் இரவு வகுப்பு நடத்தத் தொடங்கினார். நாலு பேர் முன்னால் எழுந்து நின்று பேசப் பயப்படுகிற சாதாரண வேலைக்காரர்களும் விற்பனையாளர்களும்தான் மாணவர்கள். அதிலிருந்து வளர்ந்ததுதான் 1936-இல் வந்து உலகமெல்லாம் விற்ற அவருடைய புத்தகம். இங்கேயும் வகுப்பு முதலில், நூல் பிறகு.

தமிழுக்கு வருவோம். தொண்டியில் பிறந்த எம்.ஆர்.எம். அப்துற் றஹீம் 1948-இல் ‘வாழ்க்கையில் வெற்றி’ என்ற நூலை வெளியிட்டார். நாற்பது ஐம்பது வயது தாண்டிய வாசகர்களுக்கு இந்தப் பெயர் தெரியாமல் இராது. மனிதர்கள் எப்படி விழுந்தார்கள், எப்படி எழுந்தார்கள் என்று சின்னச் சின்னச் சம்பவங்களாகச் சொல்லிக்கொண்டு போவார். அதே காலத்தில்தான் மு. வரதராசனார் கடித வடிவில் ‘அன்னைக்கு’, ‘தம்பிக்கு’, ‘தங்கைக்கு’, ‘நண்பர்க்கு’ என்று எழுதினார். தாலுகா அலுவலகத்தில் எழுத்தராக இருந்தவர், தாமே படித்து வித்துவான் தேர்வு எழுதி, கடைசியில் மதுரைப் பல்கலைக்கழகத்தின் துணைவேந்தராகி, 1974-இல் மறைந்தவர். அதற்குப் பின் எம்.எஸ். உதயமூர்த்தி. அமெரிக்காவுக்குப் போய்ப் படிப்பும் தொழிலும் பார்த்துவிட்டுத் தாயகம் திரும்பியவர். ‘எண்ணங்கள்’ என்ற அவருடைய நூல் நம் நாட்டிலும் எத்தனையோ வீடுகளில் இருக்கிறது. 1988-இல் ‘மக்கள் சக்தி இயக்கம்’ தொடங்கினார். அதே ஆண்டு வந்த ‘உன்னால் முடியும் தம்பி’ படத்தில் கதாநாயகனுக்கு உதயமூர்த்தி என்று பெயர் வைத்தாரே பாலசந்தர், அது இவருக்குச் செய்த மரியாதைதான்.

திருக்குறளை விட்டுவிட்டேனே என்று நீங்கள் கோபித்துக்கொள்ளக் கூடாது. ஊக்கம் உடைமை, மடி இன்மை, ஆள்வினை உடைமை என்று மூன்று அதிகாரம், முப்பது குறள் அடுத்தடுத்து இருக்கின்றன. விலையும் குறைவு. பிள்ளைக்கு அது பள்ளிப் பாடம் என்பதால் கசக்கிறது, அவ்வளவுதான்.

இப்போது என் வீட்டுக் கதை ஒன்று.

நான் வளர்ந்ததும் கிள்ளான் பக்கத்துத் தோட்டத்தில்தான். அப்பாவும் அம்மாவும் பால்மரம் வெட்டினார்கள். விடியுமுன் பெரட்டுக்குப் போய், காண்டா வாளி தூக்கி, பால் அளந்து கொடுத்துவிட்டு வரும்போது மதியம் தாண்டிவிடும். அறுபதுகளில் ஒரு சம்பள நாளில் அப்பா கிள்ளானுக்குப் போய்விட்டு வந்தார். கையில் மிட்டாய் இல்லை. அந்த ‘வாழ்க்கையில் வெற்றி’ இருந்தது. அம்மா முகம் போன போக்கைச் சொல்ல வேண்டியதில்லை! சர்க்கரைத் தாளில் அட்டை போட்டு, சாமி படத்துக்குப் பக்கத்தில் வைத்தார். மாலையில் லயத்து வாசலில் உட்கார்ந்து உரக்கப் படிப்பார். தோட்டத்து மின்சாரம் இரவு ஒன்பது மணிக்கு நின்றுவிடும். அதற்குப் பிறகும் மண்ணெண்ணெய் விளக்கில் படித்தது உண்டு. நாலைந்து பேர் கேட்க வருவார்கள். படிக்கத் தெரிந்தவர்கள் இரண்டு பேர், மற்றவர்களுக்குக் காதுதான்.

ஒருநாள் அந்தக் கூட்டத்தில் ஒரு தாத்தா கேட்டார்: “ஏம்பா, இதில் வருகிறவன் எல்லாம் வெளியூர்க்காரனாக இருக்கிறான். நம்ம ஆள் ஒருத்தன்கூட எதையும் தாண்டவில்லையா?” அப்பா பதில் சொல்லத் தெரியாமல் புத்தகத்தை மூடினார். தாத்தாவே சொல்லத் தொடங்கினார், 1941-ஆம் ஆண்டுக் கதையை.

இந்தக் கதையை உங்களில் பலர் கேட்டிருக்க மாட்டீர்கள். அந்தக் காலத்தில் ஒரு தொழிலாளி தோட்டத்துச் சாலையில் சைக்கிளில் போகும்போது எதிரே வெள்ளைக்காரத் துரை வந்தால் சைக்கிளை விட்டு இறங்கி நிற்க வேண்டும். துரை மட்டுமல்ல, கிராணி வந்தாலும் இறங்க வேண்டும். சொந்தக் காசில் வாங்கிய சைக்கிள்! 1941-இல் கிள்ளான் வட்டாரத் தோட்டங்களில் பெரிய வேலைநிறுத்தம் நடந்தது. கிள்ளான் வட்டார இந்தியர் சங்கம் முன்னின்றது. ‘தமிழ் நேசன்’ பத்திரிகையில் துணையாசிரியராக இருந்த ஆர்.எச். நாதன் அதன் முன்னணியில் நின்றார். சீனத் தொழிலாளிக்குத் தரும் கூலியை எங்களுக்கும் கொடு என்பது ஒரு கோரிக்கை. பிள்ளைகளுக்கு ஒழுங்கான பள்ளி வேண்டும், மருத்துவ வசதி வேண்டும், கள்ளுக்கடையை மூடு, பெண்களிடம் முறைகேடாக நடக்காதே என்பவை மற்றவை. அவற்றோடு ஒன்றாக, துரைக்கும் கிராணிக்கும் முன்னால் சைக்கிளில் உட்கார்ந்தபடியே போகும் உரிமையும் கேட்டார்கள்.

அந்த மே மாதம் நாதனைக் கைது செய்து, பின்னர் நாடு கடத்தினார்கள். பட்டாளம் வந்தது. துப்பாக்கிச் சூட்டில் ஐந்து தொழிலாளிகள் செத்தார்கள்.

தாத்தா அன்று சொன்னது எனக்கு இன்னும் காதில் இருக்கிறது. “எல்லையைத் தாண்டு, எல்லை உன் மனசில்தான் இருக்கிறது என்று உன் புத்தகம் சொல்லுது. எங்க எல்லை மனசில் இல்லையப்பா. சாலையில் இருந்தது. தொப்பி போட்டுக்கிட்டு நின்னுச்சு.”

முன்னேற்றப் புத்தகங்களோடு எனக்குள்ள பெரிய சண்டை இதுதான். படித்தவன் முன்னேறாவிட்டால் குற்றத்தை அவன் மண்டையிலேயே வைத்துவிடுகின்றன. நீ சரியாக நினைக்கவில்லை, முழுமனதோடு நம்பவில்லை என்கின்றன. தோட்டத்தை விற்றது யார், லயத்தை விட்டு மூன்று மாதத்தில் காலி செய் என்றது யார், தொழிற்சாலையில் ஓவர்டைம் இல்லாமல் குடும்பம் ஓடாத சம்பளத்தை நிர்ணயித்தது யார் என்று அவை கேட்பதில்லை. ஐம்பதுகளின் இறுதியில் வெள்ளைக்காரக் கம்பெனிகள் தோட்டங்களைத் துண்டு போட்டு விற்றபோது, ‘நான் வீடிழக்க மாட்டேன்’ என்று எத்தனை முறை கண்ணாடியில் சொல்லியிருந்தாலும் வீடு போயிருக்கும். 1960-இல் வீ.தி. சம்பந்தன் தோட்டம் தோட்டமாகப் போய், பத்துப் பத்து வெள்ளியாகச் சேர்த்துத் தேசிய நில நிதிக் கூட்டுறவுச் சங்கத்தைக் கட்டினார். தொழிலாளர்கள் தாங்களே தோட்டம் வாங்கினார்கள். உங்கள் மகன் ஞாயிறுதோறும் நடக்கிற பிரிக்பீல்ட்ஸ் சாலைக்கு அவர் பெயர்தான் வைத்திருக்கிறது. அந்தச் சாலையில்தான் 1904-இல் தோன்றிய விவேகானந்தா ஆசிரமமும் நிற்கிறது. அவன் கவனித்திருக்கிறானோ இல்லையோ!

ஆனால் கதை அதோடு முடியவில்லை. என் அப்பா அன்று புத்தகத்தை மூடியதோடு விட்டுவிடவில்லை. மறுநாள் மீண்டும் திறந்தார். அந்த வாசல் படிப்பு இரண்டு மூன்று ஆண்டு நடந்தது. படிக்கத் தெரிந்தவர் இரண்டு பேராக இருந்தது ஏழு பேரானது. அப்போதுதான் 1969-இல் குடியுரிமை இல்லாதவர்கள் வேலை செய்யப் பெர்மிட் வேண்டும் என்று வந்தது. நினைவிருக்கிறதா? சிவப்பு அடையாள அட்டை வைத்திருந்தவர்கள் எத்தனை ஆயிரம் பேர் பெட்டி கட்டிக்கொண்டு கப்பலேறினார்கள்! இங்கேயே பிறந்திருப்பார்கள், ஆனால் பிறப்புப் பத்திரம் இராது. எந்தப் பாரத்தை எங்கே நிரப்புவது என்று தெரியாமல் எத்தனை பேர் காலம் கடத்திவிட்டார்கள்.

எங்கள் லயத்து வாசலில் அந்த ஏழு பேரும் உட்கார்ந்து பாரம் நிரப்பினார்கள். அப்பாவுக்கு மலாய் எழுத்து அரைகுறை. தோட்டப் பள்ளி வாத்தியாரிடம் வார்த்தை வார்த்தையாகக் கேட்டு எழுதிக்கொண்டார். சாட்சிக்கு ஆள் தேடி, படம் எடுக்கக் கிள்ளானுக்கு லாரியில் கூட்டிப் போனார்கள். ‘வாழ்க்கையில் வெற்றி’யில் பாரம் நிரப்புவது எப்படி என்று ஒரு வரி கிடையாது. தினமும் விளக்கைச் சுற்றி உட்கார்ந்து, தெரியாததைக் கேட்கக் கூச்சப்படாத ஒரு பழக்கம் அதனால் வந்திருந்தது. அந்தப் புத்தகத்துக்கு அப்பா கொடுத்த விலையை அம்மா அதற்குப் பிறகு ஒருநாளும் சொல்லிக் காட்டவில்லை.

ஆகவே, சகோதரி, புத்தகம் கெட்டதில்லை. உங்கள் மகன் தனியாகப் படிப்பதுதான் எனக்கு இடிக்கிறது.

இனி எண்ணூறு வெள்ளி. இதில் எனக்குச் சொந்த அனுபவம் உண்டு. வெட்கத்தை விட்டுச் சொல்கிறேன். தொண்ணூறுகளில் நானும் ஒரு ஹோட்டல் வகுப்புக்குப் போனேன். எந்த ஹோட்டல், யார் நடத்தியது என்பதெல்லாம் வேண்டாம். முந்நூறு வெள்ளி கட்டணம். குளிர்சாதன அறை, பாட்டு, கைதட்டல், இருநூறு பேர் ஒரே குரலில் கத்தினோம். ஒரு மெல்லிய பலகையைக் கையால் உடைக்கச் சொன்னார்கள், உடைத்தேன்! அழுதேன்கூட. இரண்டு நாள் தரையில் கால் பாவவில்லை. திங்கட்கிழமை வேலைக்குப் போனேன். மேசை அதே மேசை, கோப்பு அதே கோப்பு, நானும் அதே நான். அடுத்த மாதம் ‘மேல்நிலைப் பயிற்சி’ என்று ஆயிரம் வெள்ளி கேட்டுக் கடிதம் வந்தது. முதல் வகுப்பே அந்த இரண்டாம் வகுப்பை விற்பதற்கான கடை என்பது அப்போதுதான் புரிந்தது. உடைந்த பலகையை வெகுநாள் வைத்திருந்தேன். பிறகு மழைக்காலத்தில் கதவுக்கு அண்டை கொடுக்க உதவிற்று.

கண்ணாடிக் காகிதத்தைப் பற்றி என் கருத்தை மட்டும் சொன்னால் கிழவி புலம்புகிறாள் என்று உங்கள் பிள்ளை நினைப்பான். ஆராய்ந்தவர்கள் இருக்கிறார்கள். கனடாவில் வாட்டர்லூ பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த ஜோன் வுட் என்ற உளவியல் அறிஞரும் அவருடைய குழுவினரும் 2009-இல் ஒரு சோதனையை வெளியிட்டார்கள். தன்னைப் பற்றி ஏற்கெனவே நல்ல எண்ணம் உள்ளவர்கள் தன்னைப் புகழும் வாசகத்தைத் திரும்பத் திரும்பச் சொன்னபோது கொஞ்சம் தெம்பு வந்தது. தன்னைத் தாழ்வாக நினைப்பவர்கள் சொன்னபோதோ மனம் இன்னும் சோர்ந்தது! பொய்யென்று உள்மனம் முணுமுணுக்கிறது போலும். மருந்து தேவைப்பட்டவனுக்கே மருந்து கெடுதல் செய்தால் என்ன சொல்வது?

இன்னொன்று பிரிட்டனில், 2002-இல் வெளிவந்தது. பல்கலைக்கழக மாணவர்களை மூன்று பிரிவாக்கினார்கள். வாரத்தில் ஒரு முறையாவது உடற்பயிற்சி செய்ய வேண்டும். முதல் பிரிவுக்கு விசேஷமாக எதுவும் இல்லை. இரண்டாம் பிரிவுக்கு ஊக்கமூட்டும் தாள் ஒன்று. உடற்பயிற்சி செய்யாவிட்டால் இதயம் என்னவாகும், செய்தால் என்ன நன்மை என்று. மூன்றாம் பிரிவுக்கு அதே தாள், அதோடு எந்த நாள், எத்தனை மணிக்கு, எந்த இடத்தில் செய்வேன் என்று எழுதிக் கொடுக்கச் சொன்னார்கள். முதல் பிரிவில் 38 சதவீதம் பேர் செய்தார்கள். ஊக்கத்தாள் மட்டும் படித்தவர்களில் 35 சதவீதம். நாளும் மணியும் இடமும் எழுதியவர்களில் 91 சதவீதம்!

இந்த மூன்று எண்களையும் உங்கள் மகனிடம் காட்டுங்கள். படித்த பிள்ளை, புரிந்துகொள்வான். ஊக்கம் மட்டும் படித்தவன் ஒன்றுமே படிக்காதவனோடு சமமாகத்தான் நிற்கிறான்.

மலையேறியவர்கள் கதையும் இந்த நூல்களில் தவறாமல் வரும். எவரெஸ்ட் என்றதும் வெளிநாட்டுப் பெயர்தான் சொல்வார்கள். 1997-ஆம் ஆண்டு மே 23-ஆம் தேதி மலேசியர்கள் முதன்முதலாக அந்தச் சிகரத்தில் கால் வைத்தார்களே, அந்த இருவர் யார்? மகேந்திரன், மோகனதாஸ். நம் பிள்ளைகள்! கண்ணை மூடிச் சிகரத்தை நினைத்துக்கொண்டிருந்தால் ஏற முடியுமா? மாதக்கணக்கில் பயிற்சி, தேர்வு, பனிமலையில் ஒத்திகை, ஒரு குழு, கயிறு பிடிக்க ஷெர்பாக்கள்.

கிள்ளான் பள்ளத்தாக்கில் நானே கண்ணால் பார்க்கிற எல்லை தாண்டல் ஒன்று உண்டு. பிரிக்பீல்ட்ஸில் மலேசியப் பார்வையற்றோர் சங்கம் இருக்கிறது. 1951-இல் தோன்றியது. அங்கே பயிற்சி பெறுகிறவர்கள் வெள்ளைக் கோலைத் தட்டிக்கொண்டு, நடைபாதையில் மேடாகப் பதித்த மஞ்சள் கோட்டைக் காலால் தடவியபடி, அத்தனை வாகன இரைச்சலிலும் சாலை கடப்பார்கள். முதல் நாள் ஒருவர் கையைப் பிடித்து நடப்பார்கள். பிறகு மூலை வரை தனியாக. பிறகு மூலையைத் தாண்டி. அந்த மஞ்சள் கோட்டின் மேலே மோட்டார் சைக்கிளை நிறுத்திவிட்டுத் தேநீர் குடிக்கப் போகிறவர்களைக் கண்டால் எனக்குப் பற்றிக்கொண்டு வரும். அந்த ஆளுக்கும் ஒரு புத்தகம் எழுத வேண்டும்.

பேச்சு எங்கோ போய்விட்டது. பணத்துக்கு வருகிறேன்.

எண்ணூறு வெள்ளியை ஹோட்டலுக்குக் கொடுக்காதீர்கள். ஆனால் ‘பணம் இல்லை’ என்று பொய் சொல்லவும் வேண்டாம். இருக்கிறதென்று அவனுக்குத் தெரியும். பணம் தனியாக இருக்கிறது, எதற்கென்று நீ சொல் என்று கேளுங்கள். உங்கள் மடலில் நடுவே ஓரிடத்தில், கிடங்கில் ஃபோர்க்லிஃப்ட் ஓட்டுகிறவருக்குச் சம்பளம் கூட, அதைக் கற்றுக்கொள்ள அவனுக்கு ஆசை, ஆனால் கேட்கக் கூச்சப்படுகிறான் என்று போகிற போக்கில் எழுதியிருக்கிறீர்கள். அது போகிற போக்கில் எழுதுகிற விஷயமா, சகோதரி? அதுதானே விஷயமே! கோடீஸ்வரன் ஆவதைக் கண்ணாடியிடம் தினம் இரண்டு முறை சொல்ல முடிகிறது. ஃபோர்க்லிஃப்ட் பழக வேண்டுமென்று மேற்பார்வையாளரிடம் ஒரு முறை சொல்ல முடியவில்லை. அவனுடைய எல்லை அந்த அலுவலகக் கதவில் இருக்கிறது.

கண்ணாடிக் காகிதத்தைக் கிழிக்கச் சொல்ல மாட்டேன். பிள்ளை மனம் நோகும். அதற்குக் கீழே இன்னொரு காகிதம் ஒட்டச் சொல்லுங்கள். ‘புதன்கிழமை, வேலை முடிந்ததும், ஐந்தரை மணிக்கு, மேற்பார்வையாளர் அறையில் ஃபோர்க்லிஃப்ட் பயிற்சி பற்றிக் கேட்பேன்.’ இவ்வளவு போதும். அவர் முடியாது என்றால் வேறெங்கே பயிற்சி, என்ன கட்டணம் என்று அடுத்த புதன்கிழமைக்கு ஒரு காகிதம். கட்டணம் உண்டென்றால் அந்தச் சீட்டுப் பணத்துக்கு அதுதான் இடம். ஒருவேளை முதலாளி அவனுக்கு மட்டும் மறுத்து மற்றவனுக்குக் கொடுத்தால், அதற்குத் தொழிற்சங்கம் இருக்கிறதா என்று விசாரிப்பதும் முன்னேற்றப் பாடத்தில் சேர்ந்ததுதான், புத்தகத்தில் இராது.

கீழ்ப் பிள்ளைகள் இன்னும் பள்ளியில் இருப்பதாக எழுதியிருக்கிறீர்கள். அவர்களுக்கு 1982-இல் தொடங்கிய ஸ்ரீ முருகன் நிலையம் போன்ற கல்வி நிலையங்களின் வகுப்பு உங்கள் வட்டாரத்தில் நடக்கிறதா என்று விசாரித்துப் பாருங்கள். நூலகத்தையும் மறக்க வேண்டாம். மாதம் ஒரு புத்தகம் அறுபது வெள்ளிக்கு வாங்குகிறவன், உறுப்பினர் அட்டை ஒன்று எடுத்துக்கொண்டால் சீட்டுப் பணத்தில் கை வைக்க வேண்டியிராது.

கடைசியாக உங்களுக்கு. ஞாயிற்றுக்கிழமை இரவுச் சாப்பாடு ஆன பிறகு, தொலைக்காட்சியை அரை மணி நேரம் அணைத்துவிட்டு, மகனை அந்தப் புத்தகத்தில் இரண்டு பக்கம் உரக்கப் படிக்கச் சொல்லுங்கள். தம்பி தங்கைகளும் உட்காரட்டும். லாரி ஓட்டுகிற அப்பாவும் வீட்டில் இருந்தால் உட்காரட்டும். படித்து முடித்ததும் எங்கள் லயத்துத் தாத்தா மாதிரி யாராவது ஒருவர் குறுக்குக் கேள்வி கேட்க வேண்டும். நீங்களே கேளுங்கள். மூன்றாவது பக்கத்தை அவனிடமிருந்து வாங்கி நீங்கள் படியுங்கள். மெதுவாகப் படித்தாலும் பரவாயில்லை, எழுத்துக்கூட்டினாலும் பரவாயில்லை. உலையை அன்று மகள் வைக்கட்டும், அல்லது மகனே வைக்கட்டும்.

பன்னிரண்டாம் பக்கத்தில் நிறுத்தியிருக்கிறீர்கள். பதின்மூன்றாம் பக்கத்தில் என்ன இருந்தது, அந்தப் புதன்கிழமை என்ன நடந்தது என்று எனக்கு எழுதுங்கள். இம்முறை மகளைக் கேட்காமல், அந்தக் கடைசி வரியை எழுதிய அதே கையால் எழுதுங்கள்.

அன்புடன்,
உங்கள் அக்கா